ஆறு வயதுப் பாடகியின் அவசரம்

மார்கழிக் கச்சேரிகள் முடிந்து, சபா கேன்டீன்களில் அடுப்பு அணைந்த பிறகுதான் எங்கள் வீட்டில் பிரச்சினை ஆரம்பித்தது. எங்கள் மகளுக்கு அப்போது ஆறு வயது. அந்த வருடம்தான் பாட்டுக் கிளாசில் சேர்த்திருந்தோம். திடீரென்று அவள் சதா பாத்ரூமுக்கு ஓட ஆரம்பித்தாள்.

குளிர்காலம், அதனால்தான் என்றேன் நான். மயிலாப்பூரில் குளிர்காலமா என்று கணவர் சிரித்தார். ஆனால் தை போய் மாசி வந்தும் ஓட்டம் நிற்கவில்லை. கோயிலுக்குப் போனால் பிரகாரம் சுற்றி முடிப்பதற்குள் வீட்டுக்குத் திரும்ப வேண்டியிருந்தது. தி. நகரில் துணி எடுக்கப் போனால், கடைக்காரர் புடவையை விரித்துப் போடும் நேரம் பார்த்து என் முந்தானையை இழுப்பாள். பாட்டுக் கிளாசுக்கு எங்களை வழக்கமாக ஏற்றிப்போகும் ஆட்டோக்காரர், வழியிலிருந்த பெட்ரோல் பங்க்கில் நாங்கள் கேட்காமலே வண்டியை ஓரங்கட்டப் பழகிவிட்டார்.

"இன்னா பாப்பா, வண்டிக்குக் கூட நான் இத்தினி தபா பங்க்குல நின்னதில்ல. உனுக்காக டெய்லி நின்னுகினு கீறேன்!" என்பார். அவள் கௌரவமாக இறங்கிப் போவாள்.

படுக்கை நனைந்த அன்றுதான் எங்கள் சிரிப்பு நின்றது. மூன்று வயதிலேயே அந்தப் பழக்கத்தை விட்டவள் அவள். கணவர் வீட்டில் அப்பா, பெரியப்பா, அத்தைகள் எல்லோருக்கும் சர்க்கரை. கல்யாணப் பந்தியில் அவர்கள் வரிசைக்குப் பாயசம் ஒரு சுற்றுக் குறைவாகப் போக வேண்டும், போனதில்லை. கணவர் பெருங்குடி ஆபீசில் உட்கார்ந்துகொண்டே ஃபோனில் தேடி, சாயங்காலத்துக்குள் பாதி டாக்டராகித் திரும்பினார்.

"தாகம், அடிக்கடி யூரின், பெட்ல போறது. மூணும் இருக்குடி," என்றார். முகம் வெளுத்திருந்தது.

"ஏன்னா, தண்ணியை நிறுத்திப் பார்த்துடலாமா?" என்றேன்.

"முதல்ல டாக்டர்ட்ட போலாம். கிளம்பு."

அடையாறில் எங்களுக்குத் தெரிந்த குழந்தைகள் மருத்துவர் ஒருவர் இருந்தார். வயதான அம்மாள், அவசரப்படவே மாட்டார். கணவர் தான் படித்ததையெல்லாம் ஒப்பித்து முடிக்கும்வரை காத்திருந்து கேட்டார்: "அடிக்கடி போறாளா, நிறைய போறாளா?"

இரண்டும் ஒன்றுதானே என்று நினைத்திருந்தோம்.

"ரெண்டும் வேற. கொஞ்சம் கொஞ்சமா அடிக்கடி போனா, யூரின்ல இன்ஃபெக்‌ஷன் இருக்கலாம், மலச்சிக்கலா இருக்கலாம், ஸ்கூல்ல ஏதாவது பயமாக்கூட இருக்கலாம். ஒவ்வொரு தடவையும் நிறையப் போனா, சர்க்கரை இருக்கான்னு பார்க்கணும், கிட்னி பார்க்கணும். எரிச்சல் இருக்கா? ஜுரம்? வெயிட் குறைஞ்சிருக்கா?"

எதுவும் இல்லை. சர்க்கரையை உடனே பார்த்துவிடலாம் என்று ஊசிக் கருவியை எடுத்தார். மகள் இரண்டு கைகளையும் முதுகுக்குப் பின்னால் ஒளித்துக்கொண்டாள்.

"முதல்ல அப்பாக்குக் குத்துங்கோ," என்றாள்.

கணவர் வீரமாக விரலை நீட்டினார். வலிக்கவே இல்லை என்று ஒரு புன்னகை வேறு. அதைப் பார்த்து மகளும் விரலைக் கொடுத்தாள். அவளுடைய அளவு சரியாக இருந்தது. எனக்குக் கண்ணில் நீர் வந்துவிட்டது. டாக்டர் மட்டும் இன்னொரு சீட்டை எடுத்து எழுதிக்கொண்டிருந்தார்.

"குழந்தைக்குச் சர்க்கரை இல்ல. நீங்க நாளைக்கு வெறும் வயித்துல ஒரு பிளட் டெஸ்ட் கொடுத்துடுங்க சார். உங்களோடது தூக்கலா இருக்கு."

"வரும்போது ரெண்டு ஜாங்கிரி..." என்று கணவர் ஆரம்பித்தார். எனக்கு அது புதுச் செய்தி.

மகளுக்கு இன்னும் இரண்டு வேலை கொடுத்தார் டாக்டர். காலையில் எழுந்ததும் வரும் முதல் சிறுநீரைப் பரிசோதனைக்குக் கொடுக்க வேண்டும். ஞாயிற்றுக்கிழமை முழுக்க அவள் போவதை அளந்து பார்க்க வேண்டும். "அதுவரைக்கும் நீங்களா தண்ணியைக் குறைக்காதீங்க. சில வியாதியில அது ஆபத்து," என்று கண்டிப்பாகச் சொன்னார். நான் கணவர் முகத்தைப் பார்க்கவில்லை.

அந்த ஞாயிற்றுக்கிழமையை மறக்க முடியாது. இதற்கென்றே வாங்கிய அளவு ஜாடியோடு கணவர் பாத்ரூம் வாசலில் நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தார். மகளுக்கோ ஒரே உற்சாகம். "அப்பா, இந்தத் தடவை ஜாஸ்தியா?" என்று கேட்டுக்கேட்டுப் போனாள். சந்தேகமே இல்லை, நிறையத்தான் போனாள்.

மறுபடி அடையாறு. டாக்டர் ரிப்போர்ட்டைப் பார்த்துத் தலையசைத்தார். "இன்ஃபெக்‌ஷன் இல்ல. காலை யூரின் நல்லா கெட்டியா இருக்கு. அப்படின்னா கிட்னி தண்ணியைப் பிடிச்சு வைக்குது, அதுல கோளாறு இல்ல. நிறையக் குடிக்கிறா, நிறையப் போறா, அவ்வளவுதான். ஏன் இவ்வளவு குடிக்கிறா?"

டாக்டர் எங்களை விட்டுவிட்டு அவள் பக்கம் திரும்பினார்.

"பாட்டு கத்துக்கிறியாமே? ஒண்ணு பாடேன்."

மகள் நாற்காலியில் சம்மணமிட்டு உட்கார்ந்தாள். நான் கொண்டுபோயிருந்த கூடையிலிருந்து தன் சின்ன ஃபிளாஸ்க்கையும் டம்ளரையும் எடுத்துப் பக்கத்தில் வைத்தாள். ஒரு வரி பாடினாள். மூடியைத் திருகி, வெள்ளி டம்ளரில் ஊற்றி, கண்ணை மூடி ஒரு வாய் குடித்தாள். இல்லாத வயலின்காரரைப் பார்த்து "பேஷ்" என்பதுபோல் தலையாட்டினாள். அடுத்த வரி. மறுபடி ஃபிளாஸ்க்.

அந்த மார்கழி முழுக்க நாங்கள் அவளைச் சபா சபாவாக இழுத்துக்கொண்டு போயிருந்தோம். ராகம் எவ்வளவு ஏறியதோ தெரியாது, மேடையில் வெந்நீர் குடிக்கும் அழகு மட்டும் அப்படியே பிடிபட்டிருந்தது. ஃபிளாஸ்க் கேட்டு அழுதபோது, "சங்கீத ஞானம்டி!" என்று பூரித்துப்போய் வாங்கிக் கொடுத்தவர் கணவர்தான். டம்ளர் சின்னது என்பதால், மொத்தம் எவ்வளவு உள்ளே போகிறது என்பது எங்களுக்கு உறைக்கவே இல்லை.

"இந்தக் கச்சேரி எவ்வளவு நேரம் நடக்கும்?" என்றார் டாக்டர்.

"கார்த்தால எழுந்ததுலேர்ந்து தூங்கற வரைக்கும்," என்றேன்.

அவர் சிரிக்கவில்லை. மகளிடம் குனிந்து, ஒரு வித்வானிடம் பேசும் மரியாதையோடு சொன்னார்: "வரிக்கு வரி குடிச்சா தொண்டை பழகாதும்மா. பெரியவங்க ஒரு பாட்டை முழுசா முடிச்சுட்டுத்தான் குடிப்பாங்க. அதுவும் ஒரே ஒரு வாய்."

"துக்கடாவுக்கு?" என்றாள், கச்சேரிக் கடைசியில் வரும் குட்டிப் பாட்டுகளையும் விடாமல்.

"துக்கடாவுக்குக் கிடையாது."

அவள் யோசித்து ஒப்புக்கொண்டாள். ராத்திரி சாப்பாட்டுக்குப் பிறகு கச்சேரி இல்லை என்பதற்கும் சம்மதித்தாள். தாகம் எடுத்தால் தாராளமாகக் குடிக்கட்டும், தாகமில்லாமல் குடிப்பதுதான் வேண்டாம் என்று எங்களிடம் தனியாகச் சொன்னார் டாக்டர். பங்குனி பிறப்பதற்குள் படுக்கை காய்ந்துவிட்டது. பங்க்கில் நிற்காமல் போவதில் ஆட்டோக்காரருக்குக் கொஞ்சம் வருத்தம்கூட.

கணவருக்குத்தான் இப்போது மாத்திரை. மகள் வேறு கட்டத்துக்குப் போய்விட்டாள். சாப்பிடக் கூப்பிட்டால் உள்ளறையிலிருந்து, "மைக்கைக் கொஞ்சம் ஏத்துங்கோ," என்று குரல் வருகிறது.