தொப்பித் துரை விழாத படம்

வாத்தியார் வேலை கிடைக்காத ஆத்திரத்தில், ஊர் ஊராகப் போகும் படக்கொட்டகையில் சேர்ந்தேன். அப்போது படம் பேசாது. திரைக்குப் பக்கத்தில் கோலோடு நின்று நான்தான் கதை சொல்ல வேண்டும். சீமையிலிருந்து வரும் படங்களில் ஒரு கோமாளி நடிகன் உண்டு. தொப்பித் துரை என்போம். ஏணியிலிருந்து விழுவான், கிணற்றில் விழுவான், மாமியார் மேலேயே விழுவான். திருநெல்வேலிச் சனம் வயிறு வலிக்கச் சிரிக்கும். வெள்ளைக்காரன் விழுவதைப் பார்க்க வேறெங்கே வாய்க்கும்?

வண்டியில் தமுக்கடித்து நோட்டீசு கொடுக்க, ஏரல் பக்கத்து வயல்கூலி ஒருவனை முதலாளி வைத்திருந்தார். முதலாளி கொடுத்த கோட்டும் தொப்பியும் மாட்டியதும் அவன் துரையாகவே ஆகிவிட்டான். தெருவில் வண்டியிலிருந்து அச்சாக அதே மாதிரி விழுவான். "தொரை விழுத வரைக்கும் நான் வயல்ல எறங்க வேண்டாம் அண்ணாச்சி" என்பான். எனக்கு அவனைக் கண்டாலே எரிச்சல். தொண்டை கிழியக் கத்துபவன் நான், பேர் அவனுக்கு.

சீமையில் சண்டை மூண்டதும் துரையின் படங்கள் நின்றுபோயின. வெகுநாள் கழித்து ஒன்று வந்தது. கன்னம் ஒட்டி, கையில் தடியோடு நாற்காலியிலேயே உட்கார்ந்திருந்தான். சண்டையில் அடிபட்டு வந்தவன் என்று மதராஸ் ஏஜெண்டு எழுதியிருந்தார். சனத்துக்கு அதெல்லாம் எதற்கு? "அவன விழச் சொல்லும்வே!" என்று கத்தி மணலை வாரி இறைத்தார்கள்.

யோசனை என்னுடையதுதான். துரை படத்தில் உட்கார்ந்திருக்கட்டும், திரைக்கு முன்னால் பெஞ்சு மேல் பெஞ்சு போட்டு நம் ஆள் விழட்டும்.

மூன்று நாள் விழுந்தான். கொட்டகை நிரம்பியது. நாலாம் நாள், "முட்டு வீங்கிக் கெடக்கு அண்ணாச்சி. இன்னைக்கு ஒரு பெஞ்சு போதும்" என்றான்.

"அப்பம் வயலுக்குப் போ லே" என்றேன். மூன்றாவது பெஞ்சையும் ஏற்றச் சொன்னேன்.

முட்டு முறிந்த சத்தம் எனக்குக் கேட்டது. காலைப் பிடித்துக்கொண்டு கதறினான். சனம் சட்டென்று அடங்கியது. நான் கோலை அவன் பக்கம் நீட்டி, "தொரை எப்படி அழுவுதாருன்னு பாருங்க!" என்றேன். அவ்வளவுதான், கொட்டகையே அதிர்ந்தது. அவன் கதறக் கதறச் சிரித்தார்கள். படம் முடியும்வரை யாரும் தூக்கப் போகவில்லை. நானும் போகவில்லை.

சில மாதம் கழித்துக் கொட்டகை ஏரலில் இறங்கியபோது, தமுக்கடிக்கப் புது ஆள் வைப்பதற்காக அவனிடமிருந்த கோட்டையும் தொப்பியையும் திரும்ப வாங்கிவர முதலாளி என்னை அனுப்பினார். குடிசை வாசலில் காலை நீட்டி உட்கார்ந்திருந்தான். அது இனி மடங்காது. பெண்டாட்டி நாற்று நட்டுக் கஞ்சி ஊற்றுகிறாள்.

என்னைக் கண்டதும் அவன் முகம் மலர்ந்ததை நினைத்தால் இன்றைக்கும் கூசுகிறது. "தொரைக்கு ஒடம்பு தேவலையா அண்ணாச்சி? மறுபடி விழுதாரா?"

ஆமாம் என்று ஒரு பொய் சொல்லியிருக்கலாம். "அவன் கதை முடிஞ்சிட்டு. சீமைப் படத்துல இப்பம் வேற ஒருத்தன் வந்திருக்கான். நல்லா விழுதான்" என்றேன்.

 பெண்டாட்டியிடம் கோட்டையும் தொப்பியையும் எடுத்துவரச் சொல்லி, தொப்பியைத் தூசி தட்டி என்னிடம் நீட்டினான்.

"புதுசா வாரவன் தலைக்குச் சேருமான்னு பாத்துக்கிடுங்க" என்றான்.