மதினி கொடுத்த நகப்பொடி

இனிமேல் மூக்கு வழியாகத்தான் எனக்குச் சோறு என்று நான் நம்பினேன். சும்மா விளையாட்டுக்குச் சொல்லவில்லை. மதுரையில் ஒரு பெரிய ஆஸ்பத்திரிக் கட்டிலில் மூக்கில் குழாயோடு நான் படுத்திருப்பதுவரை மனத்துக்குள் ஓட்டிப் பார்த்துவிட்டேன். பார்க்க வந்தவர்கள் எல்லாரும் ஆரஞ்சுப் பழம் வாங்கி வந்திருந்தார்கள். வாயே இல்லாதவனுக்கு எதற்கடா ஆரஞ்சு என்று அந்தக் கற்பனையிலும் எனக்குக் கோபம்தான் வந்தது.

அந்த வாரம் முழுக்கவே நான் கோபத்தில்தான் இருந்தேன். காரணம் என் மதினி, அதாவது அண்ணன் மனைவி. மரியாதைக்கு இங்கே ‘வந்தார், சொன்னார்’ என்று எழுதிக்கொண்டு போகிறேன். மனத்துக்குள் நான் எப்படிச் சொன்னேன் என்பதை நீங்களே ஊகித்துக்கொள்ளுங்கள்.

தொண்ணூறுகளின் நடுவில் ஒரு கோடை விடுமுறை. அண்ணன் குடும்பம் சிங்கப்பூரிலிருந்து காரைக்குடிக்கு வந்திருந்தது. என் தங்கையின் ஆண் குழந்தைக்கு அந்த ஞாயிற்றுக்கிழமை ஞானஸ்நானம். என் மனைவியைத்தான் ஞானத்தாயாக நிற்கச் சொல்லித் தங்கை கேட்டிருந்தாள். எங்கள் குடும்பங்களில் அது பெயருக்கு நிற்கிற காரியமில்லை. சாமியார் தண்ணீர் ஊற்றும்போது பிள்ளையைக் கையில் ஏந்தி நிற்பவள் அவள்தான். அதற்குப் பிறகு அந்தப் பிள்ளைக்கு நல்லது கெட்டது எல்லாவற்றிலும் அவளுக்கு ஒரு பங்கு உண்டு. என் மனைவி அதற்காக வெள்ளைத் துணி எடுத்து, தன் கையாலேயே பிள்ளைக்கு அங்கி தைத்து வைத்திருந்தாள்.

புதன்கிழமை தங்கை வீட்டில் பெண்கள் கூடிச் சின்ன வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தார்களாம். மதினி என் மனைவியின் கையைப் பிடித்து விரல்களை விரித்து, துணிக்கடையில் புடவை பிரித்துக் காட்டுவதுபோல எல்லாருக்கும் காட்டியிருக்கிறார்.

“இந்த நகத்தப் பாருங்கடி. எல்லாம் வெடிச்சுப் போயி அரம் மாதிரி இருக்கு. இந்தக் கையில பச்சப்புள்ளையக் குடுத்தா சிராய்ச்சுப்புடாதா? போட்டோ வேற எடுப்பாக. நான் வேணா தூக்கிக்கிறேனே.”

அதோடு விடவில்லை. தன் பையிலிருந்து ஒரு அட்டைப் பெட்டியை எடுத்து அவள் மடியில் போட்டாராம். “இது அங்க எல்லாரும் போடுற நகப்பொடி. இதப் போட்டு ஒழுங்கா வந்தா பாக்கலாம்.”

நகம் வெடித்த கைதான். யார் இல்லையென்றது? வீட்டில் இரண்டு மாடு. புல் அறுப்பதும் சாணி அள்ளுவதும் பருத்திக்கொட்டை ஆட்டுவதும் அந்தக் கைதான். அந்தக் கை கறந்த பாலில்தான் மதினி விடிந்ததும் ஒரு காபி, வெயில் ஏறியதும் ஒரு காபி குடித்தார். ‘சிங்கப்பூருல இப்படிப் பாலு ஏது’ என்று மெச்சிக்கொண்டே குடித்தார். பால் இனிக்கும், கை கசக்குமா?

இதைக் கேட்டதும் நான் சட்டையை மாட்டிக்கொண்டு கிளம்பினேன். மனைவி வாசலில் மறித்தாள்.

“எங்க போறீக?”

“நாலு வார்த்த கேட்டுட்டு வாரேன்.”

“நீக கேக்கப் போயி, கேலி பேசி, கடைசில அங்கேயே சாப்புட்டுட்டு வருவீக. பேசாம உக்காருங்க. அவுக குடுத்ததையே போட்டுக்கிட்டு அவுக மூஞ்சிக்கு நேரா புள்ளைய வாங்குறேன்.”

உட்கார்ந்தேன். ஆனால் மூன்று நாளும் உள்ளுக்குள் வசனம் தயாராகிக்கொண்டே இருந்தது. ‘மதினி, அவ கை பட்டா புள்ளைக்கு வலிக்காது, உங்க நாக்கு பட்டாத்தான் வலிக்கும்.’ இதுதான் முத்தாய்ப்பு. மாட்டுக்குத் தண்ணீர் காட்டும்போது மாட்டிடம் சொல்லிப் பார்த்தேன். நன்றாகத்தான் இருந்தது. அவர் நேரில் வரட்டும் என்று காத்திருந்தேன்.

சனிக்கிழமை மத்தியானம் பெட்டியைப் பிரித்தோம். மூடியிலேயே குட்டித் தூரிகை வைத்த நாலு பாட்டில், ரோஜா நிறத்தில் ஒரு டப்பா பொடி, நகம் தேய்க்க ஒரு உப்புத்தாள் பட்டை. படம் போட்ட தாள் ஒன்றும் இருந்தது. அதை நான் சரியாகப் பார்க்கவில்லை. நான் பள்ளிக்கூட டிராயிங் மாஸ்டர். தூரிகை என் பிழைப்பு. எனக்கு யாரும் படம் போட்டுக் காட்ட வேண்டியதில்லை.

“சுவத்துக்குச் சுண்ணாம்பு அடிக்கிற மாதிரி அடிச்சுப்புடாதீக” என்றாள் மனைவி.

“கையக் காட்டு. நாளைக்குக் கோவில்ல மதினி கண்ணு கூசணும்.”

வேலை ஒன்றும் கஷ்டமில்லை. நகத்தைத் தேய்த்துத் துடைத்துவிட்டு, பசைத் தண்ணியை மெல்லிசாகப் பூச வேண்டும். அது காய்வதற்குள் விரலைப் பொடி டப்பாவில் முக்கி எடுத்து, ஒட்டாத பொடியைத் தட்டிவிட வேண்டும். மறுபடி பசை, மறுபடி பொடி. பிறகு இறுகவைக்கிற தண்ணி. அது பட்டதும் நகம் கல்லாகிவிடும். கடைசியில் பளபளப்பு. இடது கையை முடித்தபோது எனக்கே பெருமையாகத்தான் இருந்தது. வெடிப்பெல்லாம் மறைந்து, ஐந்து விரலும் பீங்கான் பொம்மையின் விரல்போல இருந்தன. மனைவி கையைத் தூக்கி வெளிச்சத்தில் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். சிரிக்கவில்லை. சிரித்தால் மதினிக்கு நன்றி சொன்னதுபோல் ஆகிவிடும் அல்லவா?

வலது கையில் சுண்டுவிரலிலிருந்து ஆரம்பித்தேன். சின்ன நகம். பசைத் தூரிகையின் முனையோ விரிந்துபோயிருந்தது. தூரிகை விரிந்தால் டிராயிங் மாஸ்டர் என்ன செய்வான்? உதட்டில் வைத்து ஒரு சுற்றுச் சுற்றி இழுப்பான். முனை ஊசிபோலக் கூராகிவிடும். இப்படி எத்தனை வருஷமாக நீலமும் பச்சையும் தின்றிருக்கிறேன். கை தானாகப் போனது. உதடு தானாகக் குவிந்தது. சுற்றி இழுத்தேன்.

சுருக்கென்று ஒரு சூடு. காட்டமான ஒரு வாடை மூக்கில் ஏறியது. துப்பலாம் என்று வாயைத் திறக்கப்போனேன். வாய் வரவில்லை.

“ம்ம்ம்!”

“சேட்டைய விடுங்க. பசை காயிது” என்றாள் மனைவி.

“ம்ம்ம்ம்ம்!”

“நேரங்காலம் இல்லையா உங்களுக்கு? நாளைக்குக் கோவிலு, பாதிக் கை கெடக்கு, இவுக கூத்துக் காட்டிக்கிட்டு இருக்காக.”

வீட்டில் நித்தம் கோமாளித்தனம் செய்பவனுக்கு வருகிற தண்டனை இதுதான். உண்மையாகச் சாகும்போதும் கைதட்டுவார்கள். நான் எழுந்து குதித்தேன். உதட்டைச் சுட்டிக்காட்டினேன். கண்ணில் தண்ணீர் வந்ததைப் பார்த்த பிறகுதான் அவள் கிட்டே வந்து விரலால் தொட்டுப் பார்த்தாள். பார்த்ததும் பயந்திருக்க வேண்டும், ஆனால் அவளுக்குக் கோபம்தான் வந்தது.

“நகத்துக்குப் பூசுறத நக்குவாகளா யாராச்சும்? ஏங்க, நீக வாத்தியாரா, கன்னுக்குட்டியா?”

நான் படம் வரைகிற தாளை இழுத்து ‘ஆஸ்பத்திரி’ என்று பெரிதாக எழுதினேன்.

“அங்க போயி நான் என்னன்னு சொல்ல? எழுதுங்க, அதையும் எழுதுங்க.”

அதற்குள் என் பயம் ஆஸ்பத்திரியைத் தாண்டிக் கோவிலுக்குப் போய்விட்டது. நாளைக்குப் பூசையில் சாமியார் நன்மை என்கிற நற்கருணை கொடுக்க அப்பத்தை நீட்டும்போது நான் வாய் திறக்காமல் நின்றால் ஊர் என்ன நினைக்கும்? இவனுக்கு என்னவோ சாவான பாவம் இருக்கிறது, அதுதான் வாங்கவில்லை என்று நினைக்கும். என்ன பாவம் என்று சாயங்காலத்துக்குள் ஆளுக்கு ஒன்று கண்டுபிடித்தும்விடுவார்கள். நகப்பொடிப் பசை என்று மட்டும் ஒருத்தனுக்கும் தோன்றாது.

அந்த நேரம் பார்த்து வாசலில் செருப்புச் சத்தம். கையில் பால் வாங்குகிற தூக்குச்சட்டியோடு மதினி.

“என்ன தம்பி, வாங்கன்னு ஒரு வார்த்த கெடையாதா?”

மூன்று நாள் வசனமும் தொண்டையில் வந்து நின்றது. முத்தாய்ப்போடு சேர்த்து. என் மூக்கு மட்டும் புஸ்ஸென்றது.

“என்ன, கோவமா?”

ஆமாம் என்று தலையை ஆட்டினேன். அந்த ஒன்றுதான் என்னால் முடிந்தது.

மதினி என்னை விட்டுவிட்டு மனைவியின் கைகளைப் பார்த்தார். “ஏத்தா, ஒரு கைதான ஆயிருக்கு? நான் நெனச்சேன், உனக்கு இதெல்லாம் வராதுன்னு. நீ பக்கத்துல நில்லு, நாளைக்கு நானே தூக்கிக்கிறேன். இப்படியே போயி தங்கச்சிகிட்டயும் சொல்லிர்றேன்.”

எனக்குக் காது சுட்டது. நான் இல்லாமல் இவள் எப்படிச் சமாளிப்பாள்? என் வாய் மூடிவிட்டது, காரியம் முடிந்துவிட்டது என்று நினைத்தேன். அங்கி தைத்தவள் ஒருத்தி, பிள்ளையைத் தூக்குகிறவள் இன்னொருத்தி. கதவில் ஓங்கி ஒரு குத்து விட்டேன். கை வலித்தது.

மனைவி பாட்டில்களை ஒவ்வொன்றாக மூடி, பெட்டியில் அடுக்கி, பெட்டியை மதினி கையில் கொடுத்தாள்.

“இந்தாங்கக்கா. பொடி மிச்சம் இருக்கு, உங்களுக்கு ஆகும். புள்ளையப் பெத்தவ என்னையக் கேட்டா. அவளா வந்து வேணாம்னு சொல்லட்டும், நான் நிக்கல. நீங்க சொல்லாதீக. ஒரு கை உங்க ஊருக் கை மாதிரி இருக்கு, ஒரு கை என் கையாவே இருக்கு. ரெண்டும் சேந்துதான் தூக்கும். போட்டோக்காரருக்கு நானே விரிச்சுக் காட்டுறேன். எல்லாருக்கும் விரிச்சுக் காட்டுறது நீங்க சொல்லிக் குடுத்ததுதான?”

மதினி என் பக்கம் திரும்பினார். “தம்பி, இவ பேசுறா, நீ கேட்டுக்கிட்டு நிக்கிறியே?”

நின்றேன்.

“பாலு வேணுமின்னா தூக்குச்சட்டிய வச்சுட்டுப் போங்க. கறந்து வைக்கிறேன்” என்றாள் மனைவி.

மதினி சட்டியை வைக்காமலே போனார். பிறகு குடும்பத்தில் இதை எப்படிச் சொன்னார்களென்றால், ‘தம்பிக்கு அன்னைக்கு வந்த கோவத்துக்கு வாயே தெறக்கல, பல்லக் கடிச்சுக்கிட்டு மலையா நின்னாரு’ என்றார்கள். இன்றுவரை நான் அதைத் திருத்தவில்லை.

மனைவி முதலில் பலாப்பிசினுக்குச் செய்வதுபோலத் தேங்காய் எண்ணெய் தேய்த்தாள். அசையவில்லை. அப்புறம் வெதுவெதுப்பான தண்ணீரில் துணி நனைத்து உதட்டில் ஒத்தி ஒத்தி எடுத்தாள். ஒவ்வொரு ஒத்துக்கும் ஒரு திட்டு. நான் பதில் சொல்லாத ஒரே சண்டை எங்கள் வாழ்க்கையில் அதுதான். கொஞ்ச நேரத்தில் என் எச்சிலே உள்ளேயிருந்து ஊறி இடது ஓரத்தைப் பிரித்தது. மாடு கறக்கிற நேரத்துக்குள் வாய் முழுக்கத் திறந்துவிட்டது. மேலுதட்டில் தோல் உரிந்து எரிந்தது, அவ்வளவுதான். ஆஸ்பத்திரியும் இல்லை, குழாயும் இல்லை.

வாய் வந்ததும் முதல் வேலையாக அந்த முத்தாய்ப்பு வசனத்தை அவளிடம் சொல்லிக் காட்டினேன்.

“அவுக போயி எம்புட்டு நேரமாச்சு. இப்ப எதுக்கு இது?” என்று சொல்லிவிட்டு அவள் மாட்டைப் பிடிக்கப் போனாள். இடது கை நகம் மடியில் பட்டதும் மாடு உதைத்தது. வலது கையால் மட்டும் கறந்தாள்.

ஞாயிற்றுக்கிழமை பிள்ளையை என் மனைவிதான் தூக்கினாள். இடது கையில் ஐந்து விரலும் ரோஜா நிறம், வலது கையில் வெடித்த நகம். தண்ணீர் பட்டதும் பிள்ளை வீரிட்டு அழுதான். மதினி இரண்டாம் வரிசையில் நின்றார். பிள்ளைக்கு எங்கேயும் ஒரு கீறல் இல்லை.