ஒற்றைத் தொட்டி அலிசம்

தகரக் கூரைக்குக் கீழே நின்று கரிப் பெட்டியால் துணி தேய்க்கிற ஒருத்திக்குப் பூச்செடி ஆசை வரலாமா? இஸ்திரி அக்காவுக்கு வந்தது. அதுவும் எந்தச் செடி மேல்! குளிர்ந்த காற்றில் சொகுசாக வளர வேண்டிய அலிசம். பொடிப் பொடியாய் வெள்ளைப் பூ, கொத்துக் கொத்தாகப் பூத்துத் தேன் மணக்கும். அவள் இருக்கிற ஊரிலோ கோடை வந்துவிட்டால் காக்கைகூட வாயைப் பிளந்துகொண்டு உட்கார்ந்திருக்கும். அனல் காற்று மண்ணை வாரி வீட்டுக்குள் இறைக்கும்.

“இந்த வீண் வேலை உனக்கு எதுக்கு?” என்று கேட்காத ஆள் இல்லை. நாள் முழுக்க அவள் தொடுவதெல்லாம் அடுத்தவர் துணி. மடித்துக் கொடுத்தால் போய்விடும். அந்தச் செடி மட்டும்தான் அவளுடையது.

கோடையில் எல்லாத் தொட்டியும் கருகும். ஒன்றிரண்டு மட்டும் உயிரைக் கையில் பிடித்துக்கொண்டு நிற்கும். அவற்றின் விதையைத்தான் எடுத்து வைப்பாள், குளிர் வந்ததும் தூவுவாள். தாக்குப் பிடித்ததன் பிள்ளையும் தாக்குப் பிடிக்கும் என்பது அவள் கணக்கு. கணக்கு பொய்க்கவில்லை, வருஷத்துக்கு வருஷம் செடிகளுக்குப் பிடிவாதம் கூடியது.

போன வருஷம் புத்தி பிசகிவிட்டது. துணி தேய்க்கிறவளுக்கு ஈரம்தான் எதிரி. விதை நமுத்துப் போகக் கூடாதே என்று டப்பாவைத் தேய்க்கிற மேஜைக்கு மேலே இருந்த பலகையில் வைத்தாள். மாதக்கணக்காகக் கரிச்சூடு ஏறி விதை வெந்துபோனது. தூவியதில் முளைத்தது ஒரே ஒன்று.

அந்த ஒன்றை அவள் கண்ணுக்குள் வைத்துக் காப்பாற்றினாள். கோடை முற்ற முற்றச் செடி காய்ந்தது. காய்களும் வெளுக்கத் தொடங்கின. பச்சையாகப் பறித்தால் விதை முளைக்காது. முற்ற விட்டால் கை பட்டதும் வெடித்துக் கொட்டிவிடும். இன்னும் ஒரு நாள் போகட்டும், நாளைக்கு மெல்லிய துணி கட்டி அறுத்துக்கொள்ளலாம் என்றிருந்தாள். யாரிடமும் சொல்லவில்லை. காய்ந்த குச்சிக்கு இவ்வளவு பாடா என்று சிரிப்பார்களே!

அன்றைக்குப் பார்த்து விடுதி ஒன்றின் படுக்கை விரிப்புகளைக் கொண்டுபோய்க் கொடுக்க வேண்டியிருந்தது. வானம் பழுப்பேறிக் கிடந்தது. புழுதிக் காற்று கிளம்பப் போகிறது என்று அவளுக்குத் தெரிந்துவிட்டது. மூட்டையைப் போட்டுவிட்டு ஓட்டமும் நடையுமாகத் திரும்பினாள்.

வாசல் பளிச்சென்றிருந்தது. தொட்டி கழுவிக் கவிழ்த்து வைக்கப்பட்டிருந்தது.

கணவனின் தங்கை ஈரக் கையைத் துடைத்துக்கொண்டு வந்தாள். புருஷன் வீட்டை விட்டு வந்து சில மாதமாக இவர்களோடு இருக்கிறவள். சும்மா உட்கார்ந்து சாப்பிடுகிறோமே என்று கூச்சப்பட்டு, சொல்லாத வேலையையும் இழுத்துப் போட்டுச் செய்கிறவள்.

“காத்து வருதுல்ல அண்ணி, எல்லாம் ஒதுங்க வச்சிட்டேன்.”

“தொட்டியில இருந்தது எங்கே?”

“அது செத்துப் போச்சே. குப்பைத் தொட்டியில போட்டுட்டேன்.”

இஸ்திரி அக்கா ஓடினாள். காற்று கிளம்பிவிட்டது, கண்ணைத் திறக்க முடியவில்லை. தெருமுனைக் குப்பைத் தொட்டிக்குள் பாதி உடம்பை விட்டுத் துழாவினாள். செடி கிடைத்தது. விதைதான் இல்லை. காய்கள் வெடித்து, நடுவிலிருக்கும் மெல்லிய தோல் மட்டும் காகிதத் துணுக்காய்ப் படபடத்தது.

திரும்பி வந்தவள் வாயில் நரம்பில்லாத நாக்குதான் இருந்தது.

“இருக்கிற எடத்தை மொட்டையடிக்கிறதுதான் உன் வேலை. உன் வீட்டையும் அப்படித்தானே அழிச்சிட்டு வந்தே?”

நாத்தனார் முகம் வெளுத்தது. மறுநாளே பட்டன் தைக்கிற வேலை ஒன்றைப் பிடித்து, அந்தப் பட்டறைக்குப் பின்னால் ஓர் அறைக்குப் போய்விட்டாள். தண்ணீர் லாரி ஓட்டுகிற அண்ணன்காரன் மத்தளம் மாதிரி இரண்டு பக்கமும் இடி வாங்கினான். “ஒரு செடிக்காகவா?” என்று ஒரே ஒரு தடவை கேட்டான். அதற்கப்புறம் வீட்டில் பேச்சே குறைந்துவிட்டது.

கோடை போனது. இரண்டு தூறல் விழுந்தது. ஒரு காலையில் மடித்த துணியோடு தெருவில் நடந்தவள் சட்டென்று நின்றாள். சுவரும் தரையும் சேருமிடத்து வெடிப்பில் சின்னப் பச்சை. அந்த இலையை அவளுக்குத் தெரியாதா? கொஞ்சம் தள்ளி இன்னொன்று. அப்புறம் மூன்று, நெருக்கமாக. துணி மூட்டையோடு குனிந்து குனிந்து போனாள். வரிசை மூலை திரும்பி, குப்பைத் தொட்டியடியில் முடிந்தது. நாத்தனார் செடியைத் தூக்கிக்கொண்டு போன வழி.

சந்தோஷம் வரவில்லை. அந்தப் பெண்ணைப் பேசிய பேச்சுத்தான் காதில் கேட்டது.

பூத்த பிறகு ஒரு செடியை மண்ணோடு பெயர்த்து டப்பாவில் வைத்து எடுத்துக்கொண்டு பட்டறைக்குப் போனாள். கதவைத் திறந்த நாத்தனார் உள்ளே வா என்று சொல்லவில்லை.

“நீ தூக்கிப் போட்டதுதான். வழியெல்லாம் கொட்டிக்கிட்டே போயிருக்கே. குப்பையைக்கூட ஒழுங்காக் கொண்டுபோய்ப் போடத் தெரியலை உனக்கு.”

வேடிக்கையாகத்தான் சொன்னாள். நாத்தனார் சிரிக்கவில்லை.

“செடி திரும்பி வந்துடுச்சு அண்ணி. நீங்க சொன்னது அப்படியேதான் இருக்கு.”

“தெரியும். நான் அப்படிச் சொல்லியிருக்கக் கூடாது. அதைச் சொல்லத்தான் வந்தேன்.”

நாத்தனார் குனிந்து பூவை முகர்ந்து பார்த்தாள். பிறகு கை நீட்டி டப்பாவை வாங்கி, ஜன்னலோரம் வெயில் படாத இடமாகப் பார்த்து வைத்தாள்.

“தண்ணி எப்ப ஊத்தணும்?”

“மேல்மண்ணு காஞ்சா கொஞ்சம் ஊத்து.”

“செடியே காஞ்சு போச்சுன்னா?”

“என்னைக் கூப்பிடு,” என்றாள் இஸ்திரி அக்கா. “பிடுங்கிடாதே.”