பயிற்சிக்கு வராத பந்துவீச்சாளர்

பந்து வீசுவதற்காக ஒரு மனிதனுக்கு மாதச் சம்பளம் கொடுப்பார்கள் என்பதை என் மாமனார் கடைசி வரை நம்பவே இல்லை. விழுப்புரத்தில் ஒரு மில் எனக்கு வேலை போட்டுக் கொடுத்ததே அதற்காகத்தான். எண்பதுகளின் தொடக்கத்தில் மில்லின் கிரிக்கெட் அணிக்கு நான்தான் வேகப்பந்து வீச்சாளர். பிறகு தோள்பட்டை மக்கர் செய்தது. இனி வேகமாகப் போடவே கூடாது என்று டாக்டர் சொல்லிவிட, மில்லில் என்னை ஸ்டோர் ரூமில் உட்கார வைத்தார்கள். எனக்குப் பைத்தியம் பிடிக்காத குறைதான்.

அந்தச் சமயத்தில் திண்டிவனத்து அணி ஒன்று என்னைக் கோச்சாகக் கூப்பிட்டது. ஞாயிறுதோறும் பஸ் ஏறிப் போனேன். வேர்க்கடலை வாங்கி விற்கிற மல்லாட்டை மண்டிக்காரர், வாத்தியார், பஸ் கண்டக்டர் என்று எல்லோருமே குடும்பஸ்தர்கள். மெதுவாகப் போட்டுக் காட்டி, என்னைப் போலவே போடச் சொன்னேன். அச்சு அசலாக அப்படியே போட்டார்கள். வலி பொறுக்காமல் பந்துக்குப் பந்து நான் தோளை ஒரு உதறு உதறுவேன். வலியே இல்லாத அந்த மகானுபாவர்களும் உதறினார்கள்.

"நீங்க ஏன்யா உதர்றீங்க?" என்று கத்தினேன்.

"நீங்க உதர்றீங்களே சார். அதுல ஏதோ டெக்னிக் கீதுன்னு நாங்களும் பண்ணிக்கினு இருக்கோம்," என்றார் மண்டிக்காரர். அவர்தான் கேப்டன்.

உதறாதவர் கண்டக்டர் மட்டும்தான். கூட்டேரிப்பட்டு வரை ஒரு டிரிப் அடித்துவிட்டு, நாங்கள் டீ குடிக்கிற நேரத்தில்தான் வந்து நிற்பார். அவரை நான் திட்டாத ஞாயிற்றுக்கிழமையே கிடையாது.

காய்ந்த ஏரிக்குள் மேட்டிங் விரித்து நடந்த டோர்னமென்ட்டில் ஃபைனலுக்கு வந்துவிட்டோம். எதிரே என் பழைய மில் அணி. என்னைக் கேட்காமலே பதினோரு பேரில் ஒருவனாக என்னையும் இறக்கிவிட்டார் மண்டிக்காரர். "உங்க ஊருக்காரங்ககிட்டயே தோத்துட்டா கோச்சு எதுக்குன்னு கேப்பாங்க சார்," என்று பட்டென்று சொல்லியும்விட்டார். இந்தக் கோச் வேலையும் போனால் மைதானத்துக்கும் எனக்கும் சம்பந்தமே இல்லை.

மில் அணியின் கேப்டன் பல வருஷம் என்னோடு ஆடியவர். என் பந்துகளை நன்றாக அறிந்தவர். என்னைப் போலவே போட்டால் அவருக்கு அல்வா சாப்பிடுகிற மாதிரி. எங்கள் ஆட்களைப் புரட்டி எடுத்தார். கடைசி ஓவரில் அவர்களுக்கு நான்கு ரன் வேண்டும், கையில் ஒரே ஒரு விக்கெட். அடிக்க நிற்பது அவர்தான்.

மண்டிக்காரர் பந்தை என் கையில் திணித்தார். "நீங்களே போட்ருங்க சார்!"

கை துறுதுறுத்தது. எவ்வளவு ஆசையாக இருந்தது என்று சொல்லி முடியாது. ஆனால் நகல்களை அடித்தவர், அசலான நானே போட்டாலும் அடித்துவிடுவார். பந்தைக் கண்டக்டரிடம் நீட்டினேன்.

"நானா? பேஜாரா பூடும் சார்!"

"உனக்கு எப்படி வருதோ அப்படியே போடு."

மூன்றே எட்டு நடந்து வந்து, சில்லறை நீட்டுவது போல் பந்தை வீசினார். அது சாவகாசமாக மிதந்து வந்தது. மில் கேப்டன் அவசரப்பட்டு மட்டையைச் சுழற்றி முடித்த பிறகுதான் பந்து ஸ்டம்பில் போய் இடித்தது. திண்டிவனமே ஏரிக்குள் இறங்கியதுபோல் ஒரு கூச்சல். கண்டக்டரைத் தோளில் தூக்கிக்கொண்டு ஓடினார்கள்.

மில் கேப்டன் நேராக என்னிடம் வந்தார். "உன் பாலெல்லாம் எனக்கு அத்துப்படி. இத எப்படா அவனுக்குச் சொல்லிக் குடுத்தே?"

"அவரு பிராக்டிஸுக்கே வந்ததில்லண்ணே," என்றேன். கோச் வேலை தப்பித்த சந்தோஷத்தில் அதைச் சொல்ல எனக்குக் கொஞ்சமும் வெட்கமாக இல்லை.