தங்கூசியில் கட்டிய வெளிச்சம்

வாகனத்துக்கு மின்வேலை செய்கிறவனிடம் வரும் எவரும் பெரிய வேலை என்று சொல்லிக்கொண்டு வருவதில்லை. "ஒரு வயர் விட்டுப்போச்சுப் போலை, ஐஞ்சு நிமிச வேலை" என்பார்கள். அந்த ஐந்து நிமிடங்களிலேயே எனக்கு முப்பது வருடம் போய்விட்டது.

வட்டுக்கோட்டையில் ஒரு சின்னக் கராஜ் என்னுடையது. நான் யாரிடமும் முறையாகப் படித்தவன் அல்ல. கெட்டுப்போனதைக் கழற்றிப் பார்த்தும், கழற்றியதைத் திரும்பப் பூட்டத் தெரியாமல் முழித்தும் பழகியவன். இப்போது தொலைபேசியில் வீடியோ பார்த்து முழிக்கிறேன். நீங்களும் இந்தத் தொழிலில் இருந்தால், அல்லது ஒரு பழைய யப்பான் காரை வைத்துக்கொண்டு என்னைப் போன்றவர்களிடம் அலைகிறவராக இருந்தால், நாம் ஒரே வாங்கில் குந்தியிருக்கிறவர்கள்தான். ஒரே ஒரு காரால் எனக்கு நேர்ந்தவற்றை மட்டும் இங்கே எழுதுகிறேன்.

அந்தோனியாருக்குப் பின்னால்

மரியநாயகம் கொழும்புத்துறை ஆள். அறுபது வயது இருக்கும். தோள்மூட்டுப் போனபின் கடலை விட்டுவிட்டு, பின்பக்கம் நீண்ட ஒரு காரில் மீன்பெட்டிகளை ஏற்றி, விடியமுன் கல்லுண்டாய் வெளியால் வந்து சங்கானைச் சந்தையில் விற்கிறவர். மனைவி றெஜினா பக்கத்து சீற்றில் வருவா. ஓட்டுவது அவர், தராசு பிடிப்பது அவ. ஒரு திங்கட்கிழமை சந்தை முடிந்த கையோடு என்னிடம் வந்தார்கள். கார் வாசலுக்கு வருமுன்பே அதன் மணம் வந்துவிட்டது.

"ஹெட்லைற் காணாது அண்ணை. மூண்டு தரம் பல்ப் மாத்திப்போட்டன். காருக்கு முன்னாலை பாய் விரிச்ச அளவுக்குத்தான் வெளிச்சம். அதுக்கங்காலை ஒரே இருட்டு" என்றார்.

காரை உள்ளே நிழலுக்கு எடுத்து விளக்கைப் போட்டுப் பார்த்தேன். பல்ப் பளிச்சென்றுதான் எரிந்தது. வெளிச்சம்தான் தலையைக் குனிந்துகொண்டு நிலத்தைப் பார்த்தது. பின்னால் பாரம் ஏற்றினால் காரின் மூக்கு மேலே எழும்பும். எதிரில் வருகிறவரின் கண்ணில் வெளிச்சம் அடிக்காமல் இருக்க, பின்சில்லுப் பக்கம் இருக்கிற ஒரு சென்சர் பாரத்தை அறிந்து சொல்லும். கார் தானாகவே விளக்கைக் கீழே இறக்கும். அந்தச் சென்சரில் பிழை வந்தால் ஓட்டுகிறவருக்கு முன்னால் ஒரு மஞ்சள் விளக்கு எரிய வேண்டும். எரியவில்லை. அந்த இடத்தில் ஒரு சாண் உயரத்தில் புனித அந்தோனியார் சிலையாக நின்றார். அவரை மெல்ல ஒருபக்கம் அரக்கினேன். பின்னால் மஞ்சள் விளக்கு எரிந்துகொண்டிருந்தது.

"அது ஒரு மாசமா எரியுது அண்ணை. கண்ணைக் குத்துதெண்டு அவரைக் கொண்டுவந்து மறைச்சனான். இனி அவர் பாத்துக்கொள்ளுவார்தானே?" என்றார் மரியநாயகம்.

இரண்டு விண்ணப்பம்

மரியநாயகம் பிளேன்ரீ வாங்க முன்கடைக்குப் போனார். அவரது தலை மறைந்ததும் றெஜினா காரை விட்டு இறங்கி என் மேசைக்குப் பக்கத்தில் வந்தா.

"அண்ணை, லைற்றுமில்லை ஒண்டுமில்லை. உந்த மனுசனுக்குக் கண் தெரியேல்லை. போன கிழமை கல்லுண்டாய் வெளியிலை ஒரு வயசுபோன மனுசன் சைக்கிளிலை வந்தவர். ஒரு முழம் அண்ணை, ஒரே ஒரு முழம். நான் குழறியிருக்காட்டில் இண்டைக்கு நாங்கள் பொலிசிலை. ஞாயிற்றுக்கிழமை பூசை முடிய ஒராள் காரைப் பாக்க வாறார். வித்துப்போட்டால் எனக்கு நிம்மதி. உது இனித் திருத்தேலாது எண்டு நீங்கள் ஒரு சொல்லுச் சொல்லுங்கோ. நீங்கள் சொன்னாக் கேப்பார்."

மரியநாயகம் தேத்தண்ணியோடு வந்ததும் அவ கை கழுவக் குழாயடிக்குப் போனா. இப்போது அவர் கிட்ட வந்தார்.

"கண் எண்டு சொல்லியிருப்பாளே? தெரியும். கண் ஆசுப்பத்திரிக்கு வா எண்டு நாளும் பொழுதும் கரைச்சல். அங்கை போனா, இனிக் கார் ஓடக்கூடாதெண்டு எழுதிப்போடுவாங்கள் அண்ணை. கடலையும் விட்டாச்சு. உதையும் விட்டால் நான் வீட்டு வாசல்லை இருந்து காகத்தையே எண்ணுறது?" குரலைத் தாழ்த்தினார். "காரிலை என்ன பிழை எண்டாலும் சொல்லுங்கோ. கண் எண்டு மட்டும் சொல்லிப்போடாதேங்கோ."

கழலாத முடிச்சு

பின்பக்கத்தை ஜக் போட்டு உயர்த்தி, சாக்கு விரித்துக் கீழே படுத்தேன். சென்சர் ஒரு தீப்பெட்டி அளவுதான். அதிலிருந்து ஒரு சின்னக் கை நீளும். அந்தக் கையை ஒரு மெல்லிய கம்பி சில்லுப் பக்கத்தோடு தொடுத்திருக்கும். கார் பாரத்தில் தாழும்போது கை மேலே எழும்பும். மேலே மீன்பெட்டி வைக்கிற தட்டில் ஒரு துளை. அதன் றப்பர் மூடி எப்போதோ விழுந்துவிட்டது. உப்பும் ஐஸ் தண்ணீரும் வருடக்கணக்காக அதற்குள்ளால் சொட்டி, கம்பியின் மூட்டை அரித்து முறித்திருந்தன. இதுவரை நான் கண்ட பிழைதான். நான் காணாதது ஒன்று அங்கே இருந்தது. சென்சரின் கையை ஒட்ட மேலே இழுத்து, மீன்பிடி நரம்பான தங்கூசியால் ஏழெட்டுச் சுற்றுச் சுற்றி யாரோ இறுக்கிக் கட்டியிருந்தார்கள்.

யாரோ என்ன, அவர்தான். கம்பி முறிந்து தொங்கியிருக்கிறது, சத்தம் போட்டிருக்கிறது. கடற்காரர் ஒன்று ஆடுவதைக் கண்டால் கட்டாமல் விடுவாரா? அன்று தொடக்கம் அந்தச் சென்சர், பெட்டி நிறைய மீன் இருந்தாலும் ஒரு சூடை மீன்கூட இல்லாவிட்டாலும், "பின்னால் பெரும் பாரம்" என்றே சொல்லிக்கொண்டிருந்தது. காரும் பணிவாகத் தலையைக் குனிந்துவிட்டது. மீற்றரைப் பிடித்துப் பார்த்தேன். கையை அசைத்தால் ஏறி இறங்க வேண்டிய எண் அசையாமல் நின்றது. உள்ளுக்கும் தண்ணீர் போய் அதன் கதை முடிந்திருந்தது. புதியதுதான் போட வேண்டும். பழையதைக் கழற்ற அந்த முடிச்சை அவிழ்க்கப் பார்த்தேன். கால் மணித்தியாலம் நகத்தால் போராடிவிட்டுக் கத்தியை எடுத்தேன். மரியநாயகம் பக்கத்தில் குந்தியிருந்து அதைப் பெருமையோடு பார்த்தார்.

"கீழை ஒண்டும் தெரியாது, கையாலை தடவித் தடவித்தான் கட்டினன். நாப்பது வருசத்திலை என்ரை முடிச்சு ஒண்டும் தானாக் கழண்டதில்லை அண்ணை."

லொறிக்காரரின் மரியாதை

வியாழக்கிழமை கொழும்பு பஸ்ஸில் சென்சர் வந்தது. பூட்டினேன், பச்சை பிடித்த வயர் முனைகளைச் சுரண்டினேன், தட்டின் துளைக்கு றப்பர் அடித்தேன். ஆனால் பூட்டினால் மட்டும் போதாது. கணினிக் கருவியைச் செருகி, "இதுதான் பாரம் இல்லாத கார், இதை வைத்துக் கணக்குப் பார்" என்று காருக்குப் படிப்பிக்க வேண்டும். அதற்கு நிலம் மட்டமாக இருக்க வேண்டும், நான்கு சில்லிலும் காற்றுச் சரியாக இருக்க வேண்டும், கார் வெறுமையாக இருக்க வேண்டும். நிலத்துக்கு மட்டக்கோல் வைத்தேன். காற்றை இரண்டு தரம் அளந்தேன். பின்னால் மூன்று பெட்டிகள் இருந்தன. சந்தை முடிந்து வந்த பெட்டிகள்தானே என்று மூடியைத் திறக்கவில்லை. இந்தத் தொழிலில் இருப்பவர்களுக்குத் தெரியும், நாங்கள் கோட்டை விடுவது எப்போதும் மூக்குக்கு முன்னால்தான்.

வெள்ளிக்கிழமை மரியநாயகம் சீட்டியடித்துக்கொண்டு வந்தார். கல்லுண்டாய் வெளி முழுக்கப் பகல்போல் இருந்ததாம். அரை மைல் தூரத்தில் நின்ற மாடு தெரிந்ததாம். "கண்ணிலை ஒரு குறையுமில்லை எண்டு இப்பவாவது விளங்குதோ?" என்று மனைவியைப் பார்த்துக் கேட்டார். பிறகு என் கையைப் பிடித்துக் குலுக்கினார். "வேலை திறம் அண்ணை. எதிரிலை வந்த லொறிக்காறர் எல்லாம் லைற்றை அடிச்சடிச்சு மரியாதை தந்துகொண்டெல்லோ போனவங்கள்."

றெஜினா சீற்றில் இருந்தபடியே சொன்னா: "ஓமோம், ஒருத்தன் கண்ணாடியை இறக்கி உங்கடை கொப்பருக்கும் சேத்து மரியாதை தந்தவன்!"

சுவரில் ஒரு கோடு

பெட்டிகளைத் திறந்து பார்த்தேன். மூன்றிலும் விளிம்புமட்டும் உருகிய ஐஸ். மிஞ்சிய ஐஸை அவர்கள் கொட்டுவதில்லை. பின்னேரம் வீட்டு வாசலில் விற்கிற மீனுக்கு அது வேண்டும். அதற்குக் கீழே ஒரு மூட்டை கல்லுப்பும் கிடந்தது. இவ்வளவு பாரத்தையும் நான் "வெறுமை" என்று காருக்குப் படிப்பித்திருக்கிறேன். அதனால் பாரத்தோடு ஓடும்போதும் விளக்கு இறங்கவில்லை, எதிரில் வந்தவர்களின் கண்ணில் அடித்திருக்கிறது. என்னுடைய பிழை. அதை ஒத்துக்கொண்டு, மறுநாள் பெட்டிகளை வீட்டில் விட்டுவிட்டு வரச் சொன்னேன்.

சனிக்கிழமை பொழுதுபட்டு மைமல் நேரம் வந்தார்கள். மறுபடி படிப்பித்து முடித்துவிட்டு, எதிரே இருக்கும் வெள்ளைச் சுவரில் கரியால் ஒரு கோடு இழுத்தேன். வெளிச்சத்தின் மேல்விளிம்பு அந்தக் கோட்டில் வந்து நிற்க வேண்டும். ஓட்டுகிறவரின் பாரத்துக்காக றெஜினாவை ஸ்ரியறிங்குக்கு முன்னால் இருத்தினேன். பொனெற்றைத் திறந்தால் குனிந்து திருகாணி திருப்புகிற எனக்குச் சுவர் தெரியாது. ஆகவே மரியநாயகத்தைப் பக்கத்தில் நிறுத்தி, விளிம்பு கோட்டைத் தொட்டதும் சொல்லச் சொன்னேன்.

"கொஞ்சம் மேலை... இன்னும்... ஆ, சரி, கோட்டிலை நிக்குது" என்றார். நிமிர்ந்து பார்த்தேன். கோட்டுக்கு இரண்டு சாண் கீழே நின்றது. மறுபடி திருப்பினேன். மறுபடியும் "சரி". இந்த முறை ஒரு சாண் மேலே. நான் எழும்பி நின்றேன்.

"மரியநாயகம், கோடு எங்கை இருக்கு, காட்டும் பாப்பம்."

"அந்தா" என்று கையை நீட்டினார். அவர் காட்டிய இடத்தில் மின்கம்பியின் நிழல் இருந்தது.

என் மனைவி இருந்த காலத்தில் ஒருநாள், குசினியில் வெளிச்சம் காணாது என்றாள். நான் மின்வேலைக்காரன் அல்லவா, பெரிய பல்ப் ஒன்று போட்டேன். ஒரு மாதம் கழித்து அதுவும் காணாது என்றாள். அதிலும் பெரியதாக இன்னொன்று போட்டேன். சீனி வருத்தம், அதுதான் நீரிழிவு, அவளுடைய கண்ணுக்கு ஏறியிருந்தது என்று தெரிய வந்தபோது பிந்திவிட்டது. அவள் போய் ஆறு வருடமாகிறது. அந்தப் பெரிய பல்ப் இன்னும் எரிகிறது.

வேலை செய்கிற ரோர்ச்சை எடுத்து, மரியநாயகத்தின் முகத்தைத் திருப்பிப் பார்த்தேன். இரண்டு கருமணியிலும் பால் விட்டதுபோல் வெள்ளை. "இஞ்சை பாரும், காரிலையும் பிழை இருந்தது, கண்ணிலையும் பிழை இருக்கு. ரெண்டையும்தான் நான் சொல்லுவன். காருக்குச் சென்சர் கொழும்பிலையிருந்து எடுத்தன். உதுக்கு ஆசுப்பத்திரிக்குத்தான் போகவேணும். கண்ணிலை விழுந்த வெள்ளையை இப்ப ஒரு காலமைக்குள்ளை எடுத்துப்போடுவாங்கள்" என்றேன்.

அவர் சுவரைத் திரும்பிப் பார்த்தார். "அப்ப கார் போறதுதானோ?" என்று மட்டும் கேட்டார். என்னிடம் அல்ல, மனைவியிடம். நான் குனிந்து இல்லாத திருகாணி ஒன்றைத் தேடினேன். றெஜினா காரை நிற்பாட்டித் திறப்பை எடுத்து, கதவைத் திறந்து இறங்கி, அதை என் மேசையில் வைத்தா.

"திருத்தலாமெண்டா ஏன் விக்கிறது? நாளைக்கு வாறவரை வரவேண்டாமெண்டு சொல்லுறன். கார் இஞ்சை நிக்கட்டும். திங்கக்கிழமை சந்தை இல்லை, கண் ஆசுப்பத்திரி."

புதுக் கண்

ஒரு கண்ணுக்குச் செய்து, அது ஆறி, மற்றக் கண்ணுக்கும் செய்து முடிய மாதங்கள் போயின. அதுவரை றெஜினா தம்பியாரின் ஓட்டோவில் மீன் கொண்டுவந்தா. போகும் வழியில் எட்டிப் பார்த்து, "காரை ஒருக்கா ஸ்ராட் பண்ணி விடுங்கோ அண்ணை, கிடந்து பழுதாப் போயிடும்" என்பா. ஓடலாம் என்று டொக்டர் எழுதிக்கொடுத்த அன்று இருவரும் வந்தார்கள். மரியநாயகம் சுவரைப் பார்த்து, நான் கேட்காமலே, "கோடு உதிலை, வெளிச்சமும் உதிலை" என்றார். அளந்தது போலச் சரி. எனக்குச் சந்தோசம்.

பிறகு காரை ஒரு சுற்றுச் சுற்றி வந்தார். இடப்பக்கக் கதவில் நின்றார், விரலால் தடவினார். பின்னுக்குப் போய்க் குனிந்தார். முகம் மாறிவிட்டது. "அண்ணை, உங்களை நம்பியெல்லோ விட்டிட்டுப் போனனான்? ஆர் உந்தக் கோலம் செய்தது? உடம்பு முழுக்கக் கீறல்!" நான் வாயைத் திறக்குமுன் றெஜினா முன்னுக்கு வந்து, விரலை வைத்து வைத்துக் காட்டினா: "இது சந்தை மதில். இது பாதரின்ரை படலை. இது எங்கடை முருங்கை. உது போன பெருநாளுக்கு உங்கடை தமையனின்ரை மோட்டச் சைக்கிள்."

அவர் திகைத்துப்போய், "அப்ப ஏன் எனக்கு ஒருநாளும் சொல்லேல்லை?" என்றார்.

"ஒவ்வொரு தரமும் சொன்னனான். நீங்கள்தானே உடனை போய் ஒரு பல்ப் வாங்கிக்கொண்டு வந்தனீங்கள்!"

பிழை காரிலா ஆளிலா என்று கேட்டு வருகிறவர்களிடம், இரண்டையும் ஒன்றாகக் கொண்டுவரச் சொல்லி இப்போதெல்லாம் முன்கூட்டியே கேட்டுக்கொள்கிறேன்.