ஹஃபீத் மலையடியில் ஒரு படப்பிடிப்பு

மனைவியின் அஸ்தி அபுதாபியில் எங்கள் பால்கனி அலமாரியில் இருந்தது. காவிரியில் கரைப்பதா, அவள் மாலைதோறும் ஓரமாக நடந்த இந்தக் கடலிலேயே கரைப்பதா என்று வெள்ளிக்கிழமைக்குள் முடிவு சொல்லும்படி பெங்களூரிலிருந்து மகன் கேட்டிருந்தான். அவள் எதுவும் சொல்லிவிட்டுப் போகவில்லை. அந்த நிலையில்தான் நண்பரின் ஆவணப்படத்தில் தோன்றிப் பேச அல் ஐன் நகருக்குப் போனேன்.

நண்பர் காயல்பட்டினத்துக்காரர், ஜவுளிக்கடை வைத்திருக்கிறார், விடுமுறைகளில் படம் எடுப்பார். ஹஃபீத் மலையடியில் ஐயாயிரம் ஆண்டுப் பழமையான கல்லறைகள், கவிழ்த்த கூடைகளைப் போல் நின்றன; அவற்றைப் பற்றித்தான் படம்.

"சார், சைட் இன்ஸ்பெக்‌ஷனுக்கு வந்த இன்ஜினியர் மாதிரி நிக்காதீங்க."

"நான் இன்ஜினியர்தானே."

"ரிட்டயர்டு ஆயாச்சுல்ல. சும்மா கல்லப் பாத்துப் பேசுங்க."

'இவர்கள் இங்கே உறங்குகிறார்கள்' என்று அவர் எழுதித் தந்திருந்தார். எனக்கு அது வாயில் வரவில்லை. உள்ளே யாரும் இல்லை. கட்டியவர்கள் மறைந்து பல காலம் கழித்து வந்த வேறு மக்களும் தம் இறந்தோரை அங்கேயே வைத்திருக்கிறார்கள். எஞ்சிய எலும்புகளை ஆய்வாளர்கள் எடுத்துச் சென்றுவிட்டார்கள். கற்களிலும் சில, சீரமைப்பின்போது அண்மையில் அடுக்கப்பட்டவை. அப்படியானால் இது இன்னும் யாருடைய இடம்? கட்டடத்தின் சுமை எங்கே இறங்குகிறது என்று கண்டுபிடிப்பது என் தொழிலாக இருந்தது. குனிந்து உள்ளே போனேன்; வெளியே வந்தேன்; ஒன்றும் பிடிபடவில்லை.

திரும்பும்போது, காரில், அஸ்தியை என்ன செய்யலாம் என்று அவரிடமே கேட்டேன்.

"எங்களுக்கு இந்தக் கேள்வியே இல்ல சார். மவுத்தான ஊர்லயே அடக்கம். வாப்பா ஃபஹாஹீல்ல கட வச்சிருந்தாங்க, குவைத்துலயே அடக்கிட்டோம். உம்மா கடைசிவர அந்தக் கபரப் பாக்கல."

"அம்மாவுக்கு அது வருத்தமா இருந்ததா?"

அவர் சாலையைப் பார்த்தபடி ஓட்டினார். "அத நான் கேக்கவே இல்ல சார்."

சற்று நேரத்தில் மகன் அழைத்தான். "காவிரி" என்றேன்.

"சரிப்பா. உங்களுக்கு டிக்கெட் போட்டுடறேன்."

"இரு. போடாதே."

"ஏம்ப்பா?"

தகுந்த காரணம் ஒன்று இருப்பதாக நினைத்துத்தான் வாயைத் திறந்தேன். "அம்மாவுக்குக் காவிரியில குளிச்சா சளி பிடிச்சுக்கும்."

நண்பர் ஏசியைக் குறைத்தார்.

"நான் அங்க வரேம்ப்பா," என்றான் மகன். "வந்து பேசலாம்."

கடலுக்கு அவன் சம்மதிக்கிறானா, என்னைப் பெங்களூருக்கு அழைத்துப் போகத்தான் வருகிறானா என்பது விளங்கவில்லை. சரி என்றேன்.