கொடுக்கும் முன்பே நன்றி

எங்கள் உப்பளம் பகுதியில் என் மகள் போகும் குழந்தைகள் காப்பகம் பிரான்சிலிருந்து வரும் பணத்தில் நடக்கிறது. அது திறந்ததும் எல்லோரும் பிள்ளைகளை அங்கே மாற்றினோம். பிள்ளைகள் இல்லையென்று எங்கள் தெரு அங்கன்வாடியை மூடினார்கள். யாரும் போய்க் கேட்கவில்லை, நானும்தான்.

போன ஞாயிறு கடற்கரைச் சாலையில் ஒரு வெள்ளைக்கார அம்மாள் எங்களைக் கடந்து போனார். என் நான்கு வயது மகள் ஓடிப்போய் எதிரே நின்று, இரண்டு கைகளையும் நீட்டி, "மெர்சி மதாம்!" என்றாள். அவர் எதுவும் கொடுத்திருக்கவில்லை. எனக்கு உடம்பு கூசியது.

"எதுக்குடி நன்றி சொன்ன?"

"சொன்னாத்தான் பிஸ்கட்டுன்னு மிஸ் சொன்னாங்க."

இனி அனுப்பக்கூடாது என்று இரவெல்லாம் நினைத்தேன். காலையில் காப்பக வாசலில் அந்த மிஸ்ஸிடம் கேட்டேவிட்டேன்.

"நல்ல பழக்கம்தானேக்கா! பணம் அனுப்புறவங்க நிறுத்திட்டா காப்பகம் ஏது? புடிக்கலன்னா வேற எடம் பாத்துக்கோங்க," என்று சிரித்தாள்.

வேறு இடம் இல்லை என்று அவளுக்கும் தெரியும். தெருமுனையில் நான் வேலைக்குப் போகும் சேதராப்பட்டுக் கம்பெனி பஸ் ஹாரன் அடித்தது. அவளை அறைய வேண்டும் போலிருந்தது. மகளின் கையை அவளிடம் கொடுத்துவிட்டு, "தேங்க்ஸ் மிஸ்," என்றேன்.